எட்டு மடிப்பு

அவள் கணவன் அந்த நேரத்தில் இரண்டு இடங்களில் இருந்தான். குளியலறையில் தண்ணீரை வாரி இறைத்துக்கொண்டு ஒருவன். சமையலறை வாசலில், அழுது சிவந்த கண்களோடு இன்னொருவன்.

அவள் டீ டம்ளரைக் கீழே வைத்தாள். "என்னங்க இது... மடிச்சா வந்திருக்கீங்க?"

"நாளைக்குச் சாயங்காலத்துலேர்ந்து வரேன். சத்தம் போடாத. மூணு நிமிஷம்தான் நிக்கும்."

மடிப்புதான் அவன் தொழில். ஒரு ஆள் உடுத்தியிருந்த துணியை நுனிக்கு நுனி பிசகாமல் எட்டாக மடித்து நடுவில் அழுத்தினால் போதும். அதை உடுத்தியிருந்த நேரமும் இடமும் அழுத்தியவன் காலடிக்கு வந்துவிடும். கை கோணினால் நேரம் தள்ளிப்போகும். இவன் கை கோணியதாகச் சரித்திரமே இல்லை. வருகிறவர்களுக்கெல்லாம் மடித்துக் கொடுப்பான். அழுத்துவது அவரவர் பாடு, அதுவும் ஆயுளுக்கு ஒரே ஒரு தடவை.

"எதுக்கு வந்தீங்க? பயமா இருக்கு, சொல்லுங்க."

"நீ ஏறுற எட்டரை மணி பஸ் இன்னிக்குப் பாலத்துலேர்ந்து கவிழ்ந்துடுது. ஒருத்தர்கூட மிஞ்சல." அவன் குரல் உடைந்தது. "அதுல ஏறாதடி. ஒன்பது மணி பஸ்ல போ."

"அப்ப நான் லீவு போட்டுடறேன்."

"வேணாம்! உள்ள குளிக்கிறவன் ஏன்னு கேப்பான். அவனுக்குத் தெரிஞ்சா மடிப்பு கலைஞ்சு எல்லாம் பழையபடி ஆயிடும். ஒன்பது மணி பஸ், ஞாபகம் வெச்சுக்க."

"மத்த ஜனங்க?"

"ஒரு மடிப்புக்கு ஒரு உசுருதான்."

தொழில் தெரிந்தவன் சொல்கிறான், அவள் என்ன கண்டாள்? அவன் கையில் அவளுடைய மஞ்சள் சால்வை எட்டாக மடிந்திருந்தது. அதே சால்வை அவள் தோளிலும் கிடந்தது. தோளில் கிடந்தது கசங்கியிருந்தது. அவன் கையிலிருந்ததில் ஒரு சுருக்கம் இல்லை, ஒரு கறை இல்லை. கைதேர்ந்தவன் மடிப்பென்றால் சும்மாவா என்று நினைத்துக்கொண்டாள்.

ஆறு மாதமாக விவாகரத்துப் பத்திரத்தை நீட்டிக்கொண்டிருந்த மனுஷன். கையெழுத்துப் போடவே மாட்டேன் என்று இவள் ஒற்றைக்காலில் நின்றாள். போன மாதத்திலிருந்து அவன் அந்தப் பேச்சையே எடுப்பதில்லை. இப்போது, ஆயுளுக்கும் இருக்கிற ஒரே மடிப்பை இவளுக்காகச் செலவழித்துவிட்டு நிற்கிறான்.

"என் மேல இவ்வளவு பிரியமாங்க உங்களுக்கு?"

அவன் அவள் கன்னத்தை ஒரு தடவை தொட்டான். மறுநொடி வாசல் காலியாக இருந்தது.

"டவல் எங்க? காது என்ன அடைச்சுப் போச்சா?" என்று குளியலறையிலிருந்து ஒரு அதட்டல். அவள் ஓடிப்போய் டவலைக் கொடுத்தாள்.

"என்ன இளிப்பு?"

"சும்மாதான்," என்றாள். ஆறு மாதத்தில் அவள் அவனைப் பார்த்துச் சிரித்தது அன்றைக்குத்தான்.

எட்டரை மணி பஸ் வந்தது. தினமும் கூட வருகிற நர்ஸ் படியில் நின்றபடி, "ஏறலையாக்கா? சீட்டு போட்டு வெச்சிருக்கேன்!" என்று கூப்பிட்டாள். சொல்லிவிடலாமா என்று நாக்கின் நுனிவரை வந்தது. மடிப்பு கலைந்துவிட்டால்? "தலைவலிம்மா, நீ போ" என்று முகத்தைத் திருப்பிக்கொண்டாள். தன்மேலேயே அருவருப்பாக இருந்தது. ஆனாலும் உயிர் வெல்லம்தானே, இந்த இருபது வருஷத்தில் இன்றைக்குத்தானே அவளுக்குப் புருஷன் கிடைத்திருக்கிறான்.

ஒன்பது மணி பஸ்ஸில் ஜன்னலோரம் இடம் கிடைத்தது. பக்கத்தில் ஒரு வயதான அம்மாள் சாம்பல் நிறக் கம்பளியைப் போர்த்திக்கொண்டு தூங்கி வழிந்தாள். சாயங்காலம் அவனுக்கு என்ன சமைக்கலாம் என்று இவள் யோசித்துக்கொண்டே வந்தாள்.

பஸ் பாலத்தில் ஏறியது. அவள் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு எட்டிப் பார்த்தாள். கூட்டம் இல்லை. போலீஸ் இல்லை. கைப்பிடிச் சுவர் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை ஒரு கீறல்கூட இல்லாமல் இருந்தது.

முன்னால் டிரைவர் எதற்கோ பிரேக்கை மிதித்தார். மறுபடி மிதித்தார். பஸ் இன்னும் வேகமெடுத்தது.

அப்போது, பஸ்ஸுக்குள் சீட்டுகளுக்கு நடுவே எங்கிருந்தோ ஒரு ஆள் முளைத்தான். கையில், ரத்தம் தோய்ந்து விறைத்துப்போன சாம்பல் நிறக் கம்பளி ஒன்று. அவசரத்தில் கோணல்மாணலாக மடித்தது. தூங்கிக்கொண்டிருந்த அம்மாளின் தோளைப் பிடித்து உலுக்கி, அவன் அலறினான்.

"அம்மா, கவிழப்போறது இந்த பஸ்தாம்மா!"