அண்ணனுக்கு மட்டும் மசியல்

“மேல சீஸ் வேண்டாம். ரொட்டித் தூளும் தூவாதே” என்றாள் அண்ணி.

தங்கைக்குச் சுருக்கென்றது. ஓவனிலிருந்து வந்ததும், பொன்னிறமாக முறுகிய அந்த மேல்பாகத்துக்குத்தான் சாப்பாட்டு மேஜையில் அடிதடியே நடக்கும். வருஷக் கடைசி விடுமுறைக்கு அண்ணன் வீட்டில் கூடுவதும், அன்றைக்கு உருளைக்கிழங்கு மசியலைத் தங்கை செய்வதும் அந்தக் குடும்பத்தில் எழுதாத சட்டம். இத்தனை வருஷத்தில் அண்ணி வாசற்படியில் நின்று வம்புக்கு இழுப்பாளே தவிர, ஒரு கிழங்கைக்கூட உரித்துக் கொடுத்ததில்லை. இன்றைக்கு என்னவோ பக்கத்திலேயே நின்று அதிகாரம் பண்ணிக்கொண்டிருந்தாள்.

வதக்கி வைத்த வெங்காயத்தை எடுத்து அப்பால் வைத்தாள். மிளகுத்தூளையும் கூடாது என்றுவிட்டாள். வெண்ணெய் போட்டு மசித்ததை வடிகட்டியில் போட்டுத் தேய்க்கச் சொன்னாள். தேய்த்து முடித்ததும், திரும்ப ஒரு தடவை தேய்க்கச் சொன்னாள்.

“இது மசியலா, கைக்குழந்தைக்குக் கரைக்கிற கஞ்சியா அண்ணி?”

அண்ணி கிரீமும் சூடான பாலும் இன்னும் கொஞ்சம் ஊற்றினாள்.

தங்கை பல்லைக் கடித்துக்கொண்டு கிளறினாள். கொஞ்ச நாளாகவே இந்த வீட்டில் எதுவும் சரியில்லை. போன் செய்தால் அண்ணன் எடுப்பதே இல்லை. சளி, தொண்டை கட்டியிருக்கிறது என்று ஒவ்வொரு முறையும் அண்ணிதான் பேசுவாள். காய்கறிச் சந்தையில் ஏலம் விடுகிறவர் அண்ணன். அவர் வாயைத் திறந்தால் நாலு தெருவுக்குக் கேட்கும். அப்படிப்பட்டவர் இன்றைக்கு வாசலில் ஒரு சிரிப்போடு சரி. தங்கையின் தலையைத் தடவிவிட்டு உள்ளே போய் உட்கார்ந்துவிட்டார். ஆளும் பாதியாக இளைத்திருந்தார். கேட்டால் டயட் என்றாள் அண்ணி.

‘வசதி வந்ததும் தங்கச்சி கசந்துட்டா போல’ என்று தங்கை நினைத்துக்கொண்டாள்.

மேஜையில் எல்லோருக்கும் சுட்ட கோழி, ரொட்டி, சூப் என்று வரிசையாக வந்தன. மசியல் மட்டும் ட்ரேயோடு அண்ணன் முன்னால் போய் உட்கார்ந்தது. அவருக்குத் தட்டே வைக்கவில்லை. சின்ன ஸ்பூனால் நுனியில் கொஞ்சம் எடுத்து, வாயில் வைத்து, கண்ணை மூடிக்கொண்டார். ரொம்ப நேரம் கழித்து அடுத்த ஸ்பூன். யாரையும் நிமிர்ந்து பார்க்கவில்லை.

“டயட்ல இருக்கற மச்சான் முழு ட்ரேயையும் ஏலத்துல எடுத்துட்டாரே” என்றார் தங்கையின் கணவர். எல்லோரும் சிரித்தார்கள். அண்ணனும் லேசாகச் சிரித்தார்.

தங்கையின் மகள் தட்டை நீட்டினாள். “மாமா, எனக்கு?”

அண்ணன் தடுமாறி மனைவியைப் பார்த்தார். அவர் சங்கடப்படுவதைப் பார்த்து, தங்கையே கரண்டியை எடுத்துக்கொண்டு ட்ரே பக்கம் கையை நீட்டினாள். அண்ணி அவள் மணிக்கட்டைப் பிடித்துவிட்டாள்.

“அது அவருக்கு மட்டும். கை வைக்காதே.”

சிரிப்புச் சத்தம் அப்படியே நின்றது.

“செஞ்சவ நான் அண்ணி. என் பொண்ணுக்கு ஒரு கரண்டி கிடையாதா?”

“கிடையாது.”

தங்கை அண்ணனைப் பார்த்தாள். ஒரு வார்த்தை சொல்வார் என்று காத்திருந்தாள். அவர் தலையைக் குனிந்து இன்னும் அரை ஸ்பூன் எடுத்தார்.

அதற்கு மேல் அங்கே உட்கார அவளுக்கு வெட்கமாக இருந்தது. மகளுக்குச் செருப்பை மாட்டிவிடும்படி கணவரிடம் சொல்லிவிட்டு, தன் சாமான்களை எடுக்கச் சமையலறைக்குப் போனாள். வீட்டிலிருந்து கொண்டுவந்த மத்தையும் வடிகட்டியையும் பைக்குள் வீசிக்கொண்டிருந்தபோது, அண்ணி ட்ரேயோடு உள்ளே வந்து கதவைச் சாத்தினாள்.

ட்ரேயைப் பார்த்ததும் தங்கையின் கை நின்றது. ஒரு ஓரத்தில் சின்னதாக ஒரு குழி. மற்றபடி வைத்தது வைத்தபடி இருந்தது.

“இவ்வளவு நேரம் இதைத்தான் சாப்பிட்டாரா?”

“இதுவே இறங்கினது பெரிய விஷயம்” என்றாள் அண்ணி. “உணவுக்குழாய்ல கட்டி. குரலையும் அமுக்கிடுச்சு. வெட்டி எடுக்கற நிலைமையைத் தாண்டிடுச்சாம். நாளைக்குக் காலையில வயித்துல குழாய் வைக்கறாங்க. அப்புறம் வாய் வழியா ஒண்ணும் கிடையாது. தண்ணிகூட.”

தங்கை பைக்குள் வீசிய வடிகட்டியைத் திரும்ப வெளியே எடுத்து வைத்தாள்.

“குழந்தைக்குக் குடுத்திருக்கலாம். தெரியுது. பொழுது சாயறதுக்குள்ள இது பூராவும் அவருக்குள்ள போயிடணும்னு எனக்கு ஒரு பைத்தியக்கார ஆசை. முடியாதுன்னும் தெரியுது.”

வெளியே அண்ணன் இருமினார். இருமல் அடங்குகிற வரை அண்ணி கதவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“என்கிட்ட ஏன் அண்ணி சொல்லலை? ஒரு வார்த்தை சொல்லியிருந்தா…”

அண்ணி ட்ரேயை மூடினாள். மூடியின் மேலேயே கையை வைத்துக்கொண்டு நின்றாள்.

“நான் சொல்லணும்னுதான் சொன்னேன். அவர்தான் விடலை. ‘தெரிஞ்சா அவ அழுதுக்கிட்டே செய்வா. நான் கடைசியா சாப்பிடறது, எப்பவும் போல அவ உன்கூடச் சண்டை போட்டுக்கிட்டே செஞ்சதா இருக்கட்டும்’னார்.”