உயர்த்திய கை

ஆப்பரா என்னும் மேற்கத்திய இசைநாடகத்தில் பாடும் ஜெசிந்தா ஒத்திகையில் முழுக்குரலில் பாட மாட்டாள். மகனைப் பறிகொடுத்த தாயின் உச்ச ஸ்வரம் வரும்போது வாயை மூடி, வலது கையை மட்டும் உயர்த்துவாள். தொண்டையை மேடைக்கென்று சேமித்து வைக்கும் பழக்கம் அது.

அந்த நாடகத்தைப் படமாக்க வந்த கம்பெனியின் கேமராக்கள், கணினியில் அவள் உருவத்தைச் செய்வதற்காக, ஒத்திகையிலேயே அவளை முழுதாக அளந்து முடித்துவிட்டன. இனி படப்பிடிப்புக்கு வரத் தேவையில்லை என்றது கம்பெனி. அறுபது ஊர்த் திரைகளில் கணினி செய்த அவள் உருவம் பாடியது. உச்ச ஸ்வரம் வந்ததும், ஒத்திகையில் பார்த்தபடியே கையை உயர்த்தி மௌனமாக நின்றது. ஜனங்கள் விம்மி அழுதார்கள்.

மூன்று வருடம் கழித்து ஜெசிந்தாவையே மேடைக்கு அழைத்தார்கள். மூச்சையெல்லாம் திரட்டி அந்த ஸ்வரத்தைப் பாடினாள். அரங்கில் சிலர் சிரித்துவிட்டார்கள்.

திரை விழுந்ததும் இயக்குநர் தனசிங் ஓடிவந்தார். “என்னம்மா இப்படிக் கத்திட்டீங்க?”

“பாட்டே அதுதான் சார். எழுதினவரு அப்படித்தான் எழுதியிருக்காரு.”

“இருக்கட்டும். நாளைக்குப் படத்துல பண்ண மாதிரியே பண்ணிடுங்க.”

மறுநாள் அவள் கையை உயர்த்தினாள். அரங்கமே எழுந்து, அவளோடு சேர்ந்து வலது கையை உயர்த்தி, சத்தமில்லாமல் நின்றது.

வீடு திரும்பும்போது ஜெசிந்தாவுக்குத் தொண்டை துளியும் வலிக்கவில்லை.