தொடாத கை

நாள் முழுக்க ஒரே வேனில் வந்தும் உங்கள் பிள்ளையின் கையைத் தொட மாட்டேன் என்கிற ஒருத்தியிடம், இரண்டு வருஷத்துக்கு அந்தப் பிள்ளையை ஒப்படைத்துவிட்டு நீங்கள் விமானம் ஏறுவீர்களா?

சுகிர்தா ஏற மாட்டாள்.

நாளை மறுநாள் அவளுக்கு ஜோர்தான் பயணம். கார்மென்ட் வேலை. புருஷன் கண்டி டவுனில் கடைவேலை முடித்து வர இரவு எட்டு மணியாகும். பள்ளிக்கூடம் விட்டதும் ஆறு வயது டிலானியை மேல்மாடியில் குடியிருக்கும் லீலாதேவி டீச்சர் பார்த்துக்கொள்வதாகப் பேச்சு. டீச்சர் யாழ்ப்பாணம். கல்யாணம் கட்டாமல் தனியாக இருப்பவர். வேறு ஆளில்லை, டீச்சர் இல்லையென்றால் ஜோர்தானும் இல்லை.

பிள்ளை அவரோடு நன்றாக ஒட்டிக்கொள்ளட்டும் என்றுதான் அக்குறணைக்காரர் பஹீம் நானா ஓட்டும் வேனைப் பிடித்து இந்தப் பயணம். காலையில் கோயில்கள், பிறகு இறம்பொடை நீர்வீழ்ச்சி.

வேனில் ஏறும்போதே சுகிர்தா சட்டம் போட்டுவிட்டாள்.

"இன்னிக்கு யாரும் அழக்கூடாது. அழுறவங்கள நானா பாதி வழியில எறக்கி விட்டுருவாரு."

"நீங்க அழுதாலுமா அம்மா?"

"நான் அழுதா வேனையே திருப்பிருவாரு."

"எனக்கு என்னத்துக்கு தங்கச்சி இந்தப் பொல்லாப்பு!" என்று பஹீம் சிரித்தார்.

டீச்சர் சிரிக்கவில்லை. முன்சீட்டில் போனைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

லங்காதிலக விகாரையில் பாறைப் படிகளைக் கண்டதும் டிலானி ஓடிப்போய் டீச்சரின் கையைப் பிடிக்கப் போனாள். டீச்சர் வெடுக்கென்று கையை இழுத்துக்கொண்டார்.

"தொடாதேங்கோ குஞ்சு. அம்மாவோட போயிட்டு வாங்கோ."

"நீங்க வரலியா டீச்சர்?"

"நான் இதிலயே நிக்கிறன்."

எம்பெக்கே தேவாலயத்திலும் அதே கதை. அங்கே இருப்பது சாட்சாத் கதிர்காமக் கந்தன். வாசல்வரை வந்துவிட்டு, முருகனைக் கும்பிடக்கூட உள்ளே வராத மனுஷி உண்டா?

வெளியே மர நிழலில் சுகிர்தா பொட்டலத்தைப் பிரித்தாள். விடியற்காலையில் எழும்பிச் சுட்ட தேங்காய் ரொட்டி, கட்டச் சம்பல். பஹீம் மூன்றைத் தின்றுவிட்டு நாலாவதைப் பார்த்தார். டீச்சர் தண்ணீர் மட்டும் குடித்தார்.

"எனக்கு இப்ப வேண்டாம் பிள்ளை."

சுகிர்தாவுக்கு விளங்கிவிட்டது. தேயிலைத் தோட்டத்துப் பிள்ளை என்றால் கை படக்கூடாது. தோட்டத்துக் கை தட்டிய ரொட்டி என்றால் வாயில் படக்கூடாது. மாடியில் நின்று பேசும்வரை எல்லாரும் நல்லவர்கள்தான். பக்கத்தில் வந்தால்தானே சாயம் வெளுக்கிறது!

புசல்லாவை தாண்டி வளைவுகளில் வேன் ஏறும்போது பஹீம் கண்ணாடியில் பார்த்தார்.

"என்ன தங்கச்சி, சத்தத்தையே காணோம்?"

"ஒரு முடிவு எடுத்துக்கிட்டு வர்றேன் நானா. எடுத்தா எடுத்ததுதான்."

இறம்பொடையில் கரையோரம், முழங்காலளவு தண்ணீரில் டிலானி குதிகுதியென்று குதித்தாள். பஹீம் காற்சட்டையை மடித்துவிட்டுக்கொண்டு காவல் நின்றார். டீச்சர் தள்ளிப்போய் ஒரு கல்லில் உட்கார்ந்துகொண்டார். காதில் வயர். கையில் அப்போதும் போன்.

"டீச்சர், இங்க பாருங்க! நான் முங்கப் போறேன்!"

பிள்ளை கத்திய கத்தலுக்கு அருவியே திரும்பிப் பார்த்திருக்கும். டீச்சர் நிமிரவில்லை.

போதும். சுகிர்தா துவாயைத் தோளில் போட்டுக்கொண்டு நேரே நடந்தாள். சொல்ல வேண்டியதை வழியெல்லாம் பாடமாக்கி வைத்திருந்தாள். 'நான் ஜோர்தான் போகல டீச்சர். எங்க புள்ளைய நானே பாத்துக்குறேன்.'

"டீச்சர்..."

நிமிர்ந்த முகம் முழுக்க ஈரம். அருவிச் சாரல் அந்தக் கல்வரைக்கும் வருவதில்லை.

போனில் ஒரு பெட்டி தெரிந்தது. மேலே பூக்கள். சுற்றிலும் கறுப்புக் கோட்டுப் போட்ட ஆட்கள் கைகூப்பி நின்றார்கள்.

"எங்கட அண்ணா" என்றார் டீச்சர், காதிலிருந்ததைக் கழற்றியபடி. "லண்டனில. போன கிழமை மோசம் போயிட்டார். இப்பதான் பெட்டியை எடுக்கினம். எனக்கு அவர் ஒருத்தர்தான் இருந்தவர்."

சுகிர்தாவுக்குப் பாடமாக்கியதெல்லாம் மறந்துபோயிற்று.

"ஒரு வார்த்த சொல்லியிருக்கலாமே டீச்சர்! இந்தப் பயணத்தையே நிப்பாட்டியிருப்பேனே!"

"அதுக்காகத்தான் சொல்லேல்லை. உங்களுக்கும் அவளுக்கும் இருக்கிறது இந்த ஒரு நாள். நான் வராட்டித் தானும் வரமாட்டன் எண்டு நிண்டவள்." டீச்சர் முந்தானையால் முகத்தைத் துடைத்தார். "எனக்குச் செத்தவீட்டுத் துடக்கு, பிள்ளை. கோயிலுக்குப் போற குழந்தையைத் தொடலாமோ? அண்ணாவை அங்க கிடத்தி வச்சிருக்கேக்க எனக்குத் தொண்டைக்குள்ள ஒண்டும் இறங்கவுமில்லை. அழக்கூடாது எண்டனீங்கள்... குறை நினைக்காதேங்கோ."

பின்னால் சளக் சளக் என்று காலடிச் சத்தம். டிலானி, தலையிலிருந்து நீர் சொட்டச் சொட்ட ஓடி வந்தாள். டீச்சர் போனை மடியில் கவிழ்த்தார். சிரிப்பொன்றை எங்கிருந்தோ கொண்டுவந்தார். கைகளை மட்டும் பழையபடி முந்தானைக்குள் இழுத்துக்கொண்டார்.

"அம்மா, குளிருது!"

சுகிர்தா தோளிலிருந்த துவாயை எடுத்தாள். மகளின் தலையில் போடவில்லை. டீச்சரின் மடியில் வைத்தாள்.

"கோயிலெல்லாம் முடிஞ்சிருச்சு டீச்சர். நீங்களே தொவட்டி விடுங்க."