ஊமைப்படத்தில் ஒரு பொதிச்சோறு

கன்னியாகுமரிக் கடற்கரையில் கல்லூரி மாணவர்கள் பழங்கால ஊமைப்படம் போல ஒன்றை எடுக்கிறார்கள். பணக்காரன் தற்செயலாகச் சந்திக்கும் ஏழைப்பெண்ணாக அஜிதா, கிழிந்த சேலையும் கரி பூசிய கன்னமுமாக வெயிலில் உட்கார்ந்திருக்கிறாள். கேமரா படகின் மறைவில் இருக்கிறது. மீன் விற்றுத் திரும்பும் விக்டோரியா அவளருகே தலையிலிருந்த சருவப்பானையை இறக்கி, தன் பொதிச்சோற்றைப் பிரித்து நீட்டுகிறாள். "தின்னு மக்கா. ஒனக்கு ஆரும் இல்லியா?" நிறுத்தாதே என்று இயக்குநர் சுஜின் தூரத்திலிருந்து கையசைக்கிறான். லாட்ஜில் வயிறாரச் சாப்பிட்டிருந்தும் அஜிதா வாங்கித் தின்கிறாள். விக்டோரியா முந்தானையால் அவள் கன்னத்தைத் துடைக்கிறாள். கரி துணியில் ஒட்டி வர, துணியையும் பிறகு படகின் பின்னால் தெரியும் கேமராவையும் பார்க்கிறாள். "பசியில்லன்னு சொல்லப்பிடாதா மக்கா? அது எனக்கு வச்சிருந்த சோறாக்கும்." ஊமைப்படத்தில் அந்தக் குரல் கேட்காது. சுஜின் கட்டைவிரலை உயர்த்துகிறான். அஜிதா மீதிச் சோற்றைப் பொதியாக மடித்து விக்டோரியாவிடம் நீட்டுகிறாள்.