தலைமையாசிரியர் கையில் ரிமோட்

அறையில் இருப்பவர்கள்: தலைமையாசிரியர், அறிவியல் டீச்சர், எட்டாம் வகுப்புப் பிள்ளைகள் முப்பத்தெட்டுப் பேர்.

எட்டு மாதமாகப் பூட்டிய அறையில் கிடந்த பெரிய திரை இன்றுதான் முதன்முதலாக எரிகிறது. டீச்சர் நடையாய் நடந்து ஒரே ஒரு வகுப்புக்கு வாங்கிய அனுமதி இது. ஒழுங்காக முடிந்தால் வாரம் ஒருமுறை தருவதாகப் பேச்சு. ரிமோட்டை மட்டும் தலைமையாசிரியர் யாரிடமும் கொடுக்கவில்லை. அவர் கால் தரையில் பாவவில்லை; திரைக்கும் ஜன்னலுக்குமாக நடக்கிறார். வெயில் பட்டு ஓரம் வெளிறிய திரையின் நடுவே ஓர் இதயம் சுருங்கி விரிகிறது. பிள்ளைகள் கண் கொட்டாமல் பார்க்கிறார்கள். இரண்டாம் வரிசைப் பெண் எழுந்து, "சார், வால்வு தொறக்கிற இடத்தை மெதுவா ஓட்டுங்க சார்" என்கிறாள். அவர் ஒரு பொத்தானை அமுக்குகிறார்; இதயம் போய் வெறும் நீலம் வருகிறது. இன்னொன்றை அமுக்க, சத்தம் மட்டும் அலறுகிறது. "சாருக்கே ஹார்ட் நின்னுடும்போல" என்று பின்வரிசையில் யாரோ சொல்ல, சிரிப்பு பற்றிக்கொள்கிறது. "குடுங்க சார், நான் பாத்துக்கறேன்" என்று டீச்சர் கை நீட்டுகிறார். தலைமையாசிரியரின் வியர்த்த விரல்கள் ரிமோட்டை இன்னும் இறுக்குகின்றன. "இதுக்குத்தான் தலைபாடா அடிச்சுக்கிட்டேன். இது பள்ளிக்கூடமா, சினிமா கொட்டகையா? மணி அடிச்சாச்சு, கெளம்புங்க எல்லாரும்." மணி அடிக்கவில்லை. இன்னும் இருபது நிமிடம் இருப்பது டீச்சருக்கும் தெரியும், அவருக்கும் தெரியும். பெஞ்சுகள் கிறீச்சிட, பிள்ளைகள் வெளியேறுகிறார்கள். "அப்போ அடுத்த வாரம், சார்?" என்று கேட்டபடி டீச்சர் கடைசியாக வாசலைத் தாண்டுகிறார். தலைமையாசிரியர் டீச்சருக்குப் பின்னால் கதவைச் சாத்தி, ரிமோட்டும் கையுமாக உள்ளே இருந்தபடியே பூட்டிக்கொள்கிறார்.