உறைந்த திரை

மடுல்சீமைத் தேயிலைத் தோட்டத்தில் தண்ணீர்த் தாங்கி நிற்கும் பாறைமேல்தான் சிக்னல் கிடைக்கும். பறித்த கொழுந்தை எடைபோட்டுக் கொடுத்துவிட்டு வந்த சிவகாமி, சாயும் வெயிலில், கறைபடிந்த விரல்களால் தன் பழைய போனைப் பிடித்திருக்கிறாள். அண்ட்ரொயிட், ஐபோன் இரண்டுக்கும் ஒன்றாக மகன் யுகேந்திரன் எழுதிய வீடியோ செயலி, அவனுடைய புதுப் போனில் வழுக்கிக்கொண்டு ஓடியது, இதில் திணறுகிறது. குவைத்தில் வீட்டுவேலை செய்யும் மகள் திலக்சனா திரையில் வருகிறாள், சிரிக்கிறாள், அப்படியே உறைந்துவிடுகிறாள். பக்கத்தில் நிற்கும் யுகேந்திரன் கை நீட்டுகிறான். “படத்த ஓட்டுற பெக்கேஜ், நெட்டுல எவனோ எழுதி அம்போன்னு விட்ட கோடும்மா. நம்பிச் சேத்துட்டேன். குடுங்க, மூடித் தெறக்குறேன்.” “ஒன் போன்ல மட்டும் ஓட்டிப் பாத்தியாக்கும், பெரிய இஞ்சினியரு.” சிவகாமி போனைத் தரவில்லை. “மூடாத தம்பி. எப்பவும் ரெண்டு வார்த்த பேசிட்டு, மேடம் கூப்புடுறாங்கன்னு ஓடிருவா. இப்பதான் கொஞ்சம் நிக்கிறா.”