மீட்டர் முள்

எங்கள் கேமராமேன் காதல் படம், சண்டைப் படம், சிரிப்புப் படம் என்று எதைக் கொடுத்தாலும் எடுப்பார். நான் அவருக்கு லைட்மேன். எவன் பேச்சையும் நம்பாதவன் நான். அவர் கையிலிருந்த பழைய லைட் மீட்டரின் முள்ளைத்தான் நம்புவேன். நடிகர் முகத்தருகே பிடித்தால், வெளிச்சத்துக்கு ஏற்ப முள் எழும்பும். எப்போதாவது, அத்தனை விளக்கு எரிந்தும், ஒரு முகத்தருகே மட்டும் முள் எழும்பாது. அந்த ஆள் அடுத்த படத்துக்கு உயிரோடு இருந்ததில்லை. நாங்கள் அதைப் பற்றிப் பேசிக்கொண்டதுமில்லை.

என் மனைவிக்குக் காய்ச்சல் என்று கேமராமேன் வீட்டுக்குப் பார்க்க வந்தார். சாதாரணக் காய்ச்சல்தான் என்று டாக்டர் சொல்லியிருந்தார். அவள் ஜன்னலோரம் நல்ல வெயிலில் உட்கார்ந்திருந்தாள்.

“என்னண்ணே, இங்கயும் அதத் தூக்கிட்டு வந்துட்டீங்களா? என்னையும் ஹீரோயினாப் போடுங்க.”

அவர் சிரித்துக்கொண்டே மீட்டரை அவள் கன்னத்தருகே பிடித்தார். சிரிப்பு நின்றது.

“என்ன காட்டுது?” என்றேன்.

“பேட்டரி போச்சுப்பா.”

அன்றைக்கு மட்டும் பேச்சை நம்பிவிடத்தான் ஆசை. ஆனால் அந்த மீட்டருக்குப் பேட்டரியே கிடையாது. வெளிச்சம் பட்டால் தானாக ஓடும். பிடுங்கி என் முகத்தருகே வைத்தேன், முள் எழும்பியது. அவளிடம் கொண்டுபோனேன், விழுந்தது. வீட்டிலிருந்த விளக்கையெல்லாம் போட்டேன்.

“போதுங்க, கண்ணு கூசுது” என்று அவள் முகத்தைக் கையால் மறைத்துக்கொண்டாள்.

முள் படுத்தே கிடந்தது.